இரண்டாகப் பிளந்த இலைக்கன்

மறுநாள் உயர்தர வகுப்புக்குச் செய்முறைப் பாடம் இருந்தது. வேர், தண்டு, இலை என்று எதையும் பிரித்துச் சொல்ல முடியாமல், ஒரே தட்டை உடலாக வாழும் உயிர்களைப் பிள்ளைகளுக்குக் காட்ட வேண்டும். மாதிரிகளைத் தேடி நான் தூரம் போக வேண்டியதில்லை. மஸ்கெலியாவுக்கு மேலே, தேயிலைத் தோட்டத்து வரிசை வீடுகளான எங்கள் லயத்தின் பின்பக்கமே போதும். அங்கே மழைத்தண்ணீர் ஓடும் கானின் சுவரில் ஈரலுருத் தாவரம் பச்சைத் தோல் மாதிரி ஒட்டிக்கிடக்கும். தண்ணீர்த் தொட்டியின் ஓரம் முழுக்க வழுக்கும் பச்சைப் பாசியான அல்கா. பட்டுப்போன மரத்தின் அடியில் காளான் வகைப் பங்கசு. லயத்துக்கு மேலே தேயிலைக்கு நடுவில் நிற்கும் பெரிய பாறையில், அல்காவும் பங்கசும் ஒன்றாகக் கூடி வாழும் இலைக்கன். லயத்து ஆட்கள் அதைக் கல்லுப்பாசி என்பார்கள்.

அன்று பாடசாலை விட்டு வந்து, தேத்தண்ணி குடித்துவிட்டு, ஒரு பழைய சவர்க்காரப் பெட்டியும் சின்னக் கத்தியுமாக மேலே ஏறினேன். பாறையின் கீழ்ப்பக்கத்தில் ஒரு இலைக்கன் இருந்தது. சாம்பல் பச்சை நிறம், கறுப்பு விளிம்பு, சாப்பாட்டுத் தட்டு அளவு. பாறையோடு பாறையாகப் பதிந்திருப்பதால் கத்தியால் எடுக்க வராது. ஒவ்வொரு வருடமும் அதைப் படம் மட்டும் எடுத்துக்கொள்வேன்.

அன்று அது இரண்டாக இருந்தது.

நடுவில் ஒரு கோடு குறுக்கே போயிருந்தது. முதலில் யாரோ கல்லால் கீறியிருப்பார்கள் என்று நினைத்தேன். குனிந்து பார்த்தபோதுதான் அது கீறல் இல்லை, வெடிப்பு என்று தெரிந்தது. இலைக்கனின் ஒரு பாதி மேலேயும் மறு பாதி ஒரு விரல் அளவு கீழேயும் நின்றது. வெடிப்பின் உள்பக்கம் புதுக்கல் வெள்ளையாகத் தெரிந்தது. பாசி, தூசி, புல் எதுவும் அதில் இல்லை. சுண்டுவிரலை வைத்துப் பார்த்தேன். உள்ளேயிருந்து குளிர்ந்த காற்று வந்தது.

கைத்தொலைபேசியில் போன வருடத்துப் படத்தைத் தேடி எடுத்தேன். அதில் இலைக்கன் முழு வட்டமாக இருந்தது. பக்கத்தில் அளவுக்காக நான் வைத்த பேனையும் தெரிந்தது. படத்தையும் பாறையையும் மாறி மாறிப் பார்த்தேன். இந்த உயிர் ஒரு வருடத்தில் ஒரு மில்லிமீற்றர் வளர்ந்தாலே அதிகம். அது தானாகக் கிழியாது, நகரவும் நகராது. அது பிளந்திருக்கிறது என்றால் அதன் அடியில் இருக்கும் கல் பிளந்திருக்கிறது. கல்லின் கீழ்ப்பாதி எங்கள் லயத்தைப் பார்த்துக்கொண்டு இறங்குகிறது.

கீழே பன்னிரண்டு வீட்டுக் கூரைத் தகரங்கள் தெரிந்தன. ஆறாவது எங்கள் வீடு. அம்மா மலையில் கொழுந்து பறித்துவிட்டு வந்து, பின்வாசலில் கோழிகளுக்கு அரிசி போட்டுக்கொண்டிருந்தார்.

அன்று நான் யாரிடமும் ஒன்றும் சொல்லவில்லை. இதை எழுதும்போது இப்போதும் வெட்கமாக இருக்கிறது. பாறையைவிட லயத்தாரின் சிரிப்புக்குத்தான் நான் முதலில் பயந்தேன். லயத்திலிருந்து படித்து ஆசிரியையானவள், பாசியைப் பார்த்துப் பயந்துவிட்டாள் என்று சொல்வார்களே என்று நினைத்தேன். வெடிப்பின் இரண்டு பக்கமும் பேனையால் புள்ளி வைத்து, அடிமட்டத்தால் இடைவெளியை அளந்துவிட்டு இறங்கி வந்தேன். ஒன்பது மில்லிமீற்றர்.

மறுநாள் அது பத்து. அதற்கு மறுநாள் பதினொன்றரை.

மூன்றாம் நாள் அம்மாவிடம் சொன்னேன். அம்மா கொழுந்துக் கூடைக் கயிற்றை முடிச்சுப் போட்டபடியே கேட்டார்.

"அந்தக் கல்லு நான் கல்யாணம் கட்டி வந்தப்பவே அங்கதான இருந்துச்சு. இப்ப மட்டும் எங்க போகப்போகுது?"

"இறங்குதும்மா. நான் அளந்து பார்த்தேன்."

"சரி, அளந்துக்க," என்றார் அம்மா. அடுத்த முடிச்சைப் போட்டார்.

அடுத்த வீட்டில் என் சித்தப்பா இருக்கிறார். அப்பாவின் தம்பி. தோட்டத்தில் கான் வெட்டும் வேலை. லயத்துக்குத் தலைவரும் அவர்தான். அன்று சாயந்தரம் அவரைப் பாறைக்குக் கூட்டிக்கொண்டு போனேன். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "பாசிதானே புள்ள, வெயிலுக்குக் காஞ்சா வெடிக்கும்," என்றார்.

"இது பாசி இல்ல சித்தப்பா. முழுசும் ஒரே உடம்பு. காஞ்சா அங்கங்க பொடியாகும், இப்படி நேர்க்கோட்டுல பிளக்காது. இந்தப் பாதி எவ்வளவு கீழ நிக்குதுன்னு பாருங்க."

படத்தைக் காட்டினேன். அவர் தொலைபேசியைக் கையில் வாங்கிப் பாறையோடு சேர்த்துப் பிடித்துப் பார்த்தார். பிறகு வெடிப்பில் உள்ளங்கையை வைத்தார். அவர் முகம் மாறியது.

"காத்து வருது," என்றார் மெதுவாக.

மறுநாள் அவர் தோட்டத்து ஆபீசுக்குப் போனார். எழுத்தில் தரச் சொன்னார்கள் என்று திரும்பி வந்தார். நான் எழுதிக் கொடுத்தேன். கிராம சேவகருக்கு நானே தொலைபேசி எடுத்து, எனக்குத் தெரிந்த சிங்களத்தில் எல்லாவற்றையும் சொன்னேன். இலைக்கனுக்குச் சிங்களத்தில் என்னவென்று வாயில் வரவில்லை. கல் வெடித்திருக்கிறது என்று மட்டும் சொன்னேன். "பொட்டக் இன்ன மிஸ்," என்றார் அவர். கொஞ்சம் பொறுங்கள், மேலே அறிவித்துவிட்டு வருகிறேன் என்றார். நல்ல மனிதர். ஆனால் அன்று சாயந்தரமே மழை பிடித்துக்கொண்டது.

வெள்ளி முழுக்க மழை. வகுப்பில் நின்றுகொண்டு சன்னலையே பார்த்தேன். என்ன பாடம் நடத்தினேன் என்று இன்றுவரை ஞாபகமில்லை. பஸ்ஸில் திரும்பும்போது ஒவ்வொரு வளைவிலும் லயம் இருக்கிறதா என்று கழுத்தை நீட்டிப் பார்த்தேன். இருந்தது. அம்மா அடுப்பில் ரொட்டி போட்டுக்கொண்டிருந்தார்.

சனிக்கிழமை விடிந்ததும் குடையோடு ஏறினேன். அடிமட்டம் தேவைப்படவில்லை. வெடிப்புக்குள் என் முழுக் கையும் போனது. கானில் வரும் தண்ணீர் தேத்தண்ணி நிறத்தில் இருந்தது. சுவரில் ஒட்டியிருந்த ஈரலுருத் தாவரம் மண்ணோடு கழன்று கம்பளம் மாதிரி தொங்கியது.

இறங்கி ஓடினேன். வீடு வீடாகக் கதவைத் தட்டினேன். "கல்லு வருது, வெளிய வாங்க!" என்று கத்தினேன். அந்தக் குரல் எனக்கே புதிதாக இருந்தது. யாரும் சிரிக்கவில்லை. சித்தப்பாவும் மறுமுனையிலிருந்து தட்டிக்கொண்டு வந்தார். அடைமழை என்பதால் அன்று பெரட்டு வைத்து வேலைக்கு ஆள் எடுக்கவில்லை, எல்லாரும் வீட்டில்தான் இருந்தார்கள். பிள்ளைகளையும் வயசானவர்களையும் முதலில் அனுப்பினோம். ஒரு மணி நேரத்துக்குள் எல்லாரும் கோயில் மண்டபத்துக்குப் போய்விட்டார்கள். அம்மாவும் என்னோடுதான் வந்தார்.

சித்தப்பா மட்டும் மம்பட்டியை எடுத்தார்.

"எங்க போறீங்க?"

"கல்லுக்கு மேல உள்ள கான் அடைச்சிருக்கு. தண்ணியெல்லாம் அந்த வெடிப்புக்குள்ளதான் போகுது. நீதான புள்ள சொன்ன, தண்ணி உள்ள போகக் கூடாதுன்னு?"

நான்தான் சொல்லியிருந்தேன். அந்த வாரத்தில் இரண்டு தடவை சொல்லியிருந்தேன். போகாதீங்க என்று கையைப் பிடித்தேன். "அஞ்சு நிமிசம்," என்று உதறிக்கொண்டு போனார்.

மண்டபத்தில் தலைகளை எண்ணும்போது அம்மாவைக் காணவில்லை. பக்கத்து வீட்டு அக்கா, "கோழிய விட்டுட்டேன்னு சொல்லிட்டுப் போனாங்க," என்றார். நான் செருப்புகூடப் போடாமல் ஓடினேன். வழியெல்லாம் வழுக்கியது. வீட்டுக்குள் நுழைந்தபோது அம்மா அடுக்களையில் உட்கார்ந்து, ஒரு கோழியை இடுப்பில் இடுக்கிக்கொண்டு மற்றதை அடுப்புக்குப் பின்னால் கை நீட்டித் தேடிக்கொண்டிருந்தார்.

"அம்மா!"

"இந்தா, வந்துட்டேன்."

அப்போது சத்தம் கேட்டது. முதலில் லொறியில் கல் கொட்டுகிற மாதிரி. பிறகு காதில் சத்தமாகக் கேட்காமல் பாதத்தில் ஏறியது. அடுக்களையின் பின்சுவர் எங்களைப் பார்த்து வயிறு மாதிரி உப்பியதை நான் கண்ணால் பார்த்தேன். சுண்ணாம்பு பொலபொலவென்று உதிர்ந்தது. அம்மாவின் தோளைப் பிடித்து இழுத்தேன். முன்பக்க இஸ்தோப்பைத் தாண்டி, படிகளில் விழுந்து, எழுந்து, மறுபடி விழுந்து வாசலுக்கு வந்தோம். முதுகுக்குப் பின்னால் தகரம் மடிகிற சத்தம். அம்மா கோழியை விடவே இல்லை. அது மட்டும் கத்திக்கொண்டிருந்தது.

எல்லாம் நின்ற பிறகு திரும்பிப் பார்த்தேன். பாறையின் கீழ்ப்பாதி, ஒரு வேன் அளவு இருக்கும், ஐந்தாம் ஆறாம் ஏழாம் வீடுகளின் அடுக்களைகளை நசுக்கிவிட்டு நடுச்சுவரில் சாய்ந்து நின்றது. அதன் பின்னால் சிவப்பு மண். நான் சித்தப்பாவைக் கூப்பிட்டேன். பதில் இல்லை. மறுபடியும் கூப்பிட்டேன். அந்த இரண்டு கூப்பிடலுக்கு நடுவில் இருந்த நேரத்தை நான் இன்னும் கடந்து வரவில்லை.

"இங்க..." என்று தேயிலைச் செடிகளுக்குள்ளிருந்து குரல் வந்தது. மண் அவரைக் கானிலிருந்து அடித்துப் பக்கத்து நிரைக்குள் தள்ளியிருந்தது. வலது கால் முழங்காலுக்குக் கீழே இருக்கக் கூடாத பக்கம் திரும்பியிருந்தது. ஆம்பிளைகள் ஓடிவந்து கம்பளியில் போட்டு ரோட்டுவரை தூக்கினார்கள். அங்கிருந்து திரீவீலரில் ஆஸ்பத்திரி. இரண்டு சத்திரசிகிச்சைக்குப் பிறகு கால் தங்கியது. ஆனால் மலை ஏறுகிற கால் இல்லை அது. இப்போது தொழிற்சாலை வாசலில் காவலுக்கு உட்கார்கிறார்.

வேறு யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. அதனால் எல்லாரும் என்னைப் புகழ்கிறார்கள். டீச்சர் கல்லுப்பாசியைப் பார்த்தே சொல்லிட்டாங்க என்று டவுனில்கூடப் பேச்சு. அந்தப் பேச்சு வந்தால் நான் எழுந்து போய்விடுவேன். முதல் நாளே சொல்லியிருந்தால் வெயில் இருக்கும்போதே யாராவது வந்து பார்த்திருக்கலாம். மழையில் ஒரு மனிதர் மம்பட்டியோடு ஏறியிருக்க வேண்டாம். இதை ஒரு நாள் சித்தப்பாவிடமே சொல்லி அழுதேன். அவர் காலை நீட்டி வைத்துக்கொண்டு, "முதல் நாள் சொல்லியிருந்தா நானே சிரிச்சிருப்பேன் புள்ள," என்றார். ஆறுதலுக்காகச் சொன்னாரா, உண்மையா என்று தெரியவில்லை.

நானும் அம்மாவும் டவுனில் ஒரு அறையை வாடகைக்கு எடுத்திருக்கிறோம். பின்பக்கம் மலை இல்லாத அறையாகப் பார்த்து எடுத்தேன். ஆனால் லயத்தின் இரண்டு முனைகளிலும் இருக்கும் வீடுகளுக்கு நான்கு குடும்பங்கள் திரும்பிப் போய்விட்டன. போக வேறு இடமில்லை. மழை தொடங்கினால் நான் அந்த நான்கு வீட்டுக்கும் தொலைபேசி எடுக்கிறேன். எடுக்காமல் மணி அடித்துக்கொண்டே இருந்தால் வைக்காமல் அப்படியே பிடித்துக்கொண்டு நிற்பேன். பெரும்பாலும் அவர்கள் அடுக்களையில் இருப்பார்கள், சத்தம் கேட்டிருக்காது. "ஒண்ணுமில்ல டீச்சர், சமைக்கிறோம்," என்பார்கள். சரி என்று வைத்துவிட்டு, அடுத்த வீட்டு இலக்கத்தை அழுத்துவேன்.