வாராவாரம் செத்தவர்

பெற்ற தாயின் கடைசி மூச்சைத் தொலைக்காட்சியில் கேட்டவர்கள் உலகத்தில் எத்தனை பேர் இருப்பார்கள்? வெல்டரின் காதில் அது விழுந்தது. அன்று முதல் அது தொண்டையில் மீன்முள் மாதிரி நின்றது. விழுங்கவும் முடியவில்லை, துப்பவும் முடியவில்லை.

அம்மா செத்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. அக்கா வீட்டுக் கூடத்தில் எல்லோரும் அந்த விண்வெளித் தொடரைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பூமி பாழாய்ப் போய்விட்டது, மனித ஜாதியில் மிச்சம் ஒரு கப்பலில் இருக்கிற கொஞ்சம் பேர்தான் என்பது கதை. கப்பலில் எங்கேயோ ஓட்டை, காற்று கசிகிறது, வாரத்துக்கு ஒருவர் மூச்சு முட்டிச் சாக வேண்டும். அன்றைக்கு முறை, விதைகளைப் பொத்திப் பொத்திக் காத்த கிழவிக்கு. கிழவி குட்டை குட்டையாக மூச்சு இழுத்தாள். நிறுத்தினாள். சூடாக எதையோ உறிஞ்சுவதுபோல் ஒன்று. பிறகு தொண்டைக்குள் ‘ம்’ என்று, யாரோ கூப்பிட்டதற்குப் பதில் சொல்வதுபோல்.

அம்மா போனது அப்படியேதான். வெங்காயம் உரித்துக்கொண்டிருந்த அக்காவின் கை நின்றது. எழுந்துபோய்த் தொலைக்காட்சியை அணைத்துவிட்டு, ஒன்றும் நடக்காதவள்போல் மறுபடி உரிக்க உட்கார்ந்தாள்.

வேறு பாஷையில் எடுத்த தொடர் அது. நம் பாஷைக்குக் குரல் மாற்றும் ஸ்டூடியோவில், சாகிறவர்களுக்கு மூச்சுவிடுவது அக்கா புருஷனின் வேலை. மாமியார் கட்டிலருகே அவர் ராப்பகலாக உட்கார்ந்திருந்ததைப் பார்த்து, “பெத்த புள்ள தோத்தான் போ” என்று சொல்லாத சொந்தக்காரர் இல்லை. உட்கார்ந்து என்ன செய்தார் என்பது இப்போதல்லவா தெரிகிறது.

வெல்டர் அவரைச் சமையலறை வாசலில் மறித்தான். “எங்கம்மா உசுர வித்துட்டியே, நீயெல்லாம் மனுஷனா?” அத்தானை அவன் ‘நீ’ என்றது அதுதான் முதல் தடவை.

அவருக்குக் கோபமே வரவில்லை. கண் பளபளத்தது. “சரியா வந்துதா மாப்ளே? அந்தக் கடைசி ‘ம்’ கொஞ்சம் தூக்கலாப் போச்சோன்னு எனக்கு ஒரே சந்தேகம்.”

ஓங்கிய கை அந்தரத்தில் நின்றது. மரியாதையால் அல்ல. சரியாகத்தான் வந்திருந்தது. ‘ம்’ கூடத் தூக்கலாக இல்லை. அதைத்தான் வெல்டரால் பொறுக்க முடியவில்லை. அதோடு அந்த வீட்டுப் படியை அவன் மிதிக்கவில்லை.

அத்தான் பிறவி நடிகர் ஒன்றும் கிடையாது. மெத்தைக் கடையில் பஞ்சு அடித்தவர். புருவத்திலும் மூக்கு மயிரிலும் பஞ்சு ஒட்டிக்கொண்டே வீட்டுக்கு வருவார். நெஞ்சுக்குள் போனதை யார் பார்த்தது? ஸ்டூடியோச் சுவருக்குச் சத்தம் அடைக்கப் பஞ்சுத் திண்டு கேட்டிருந்தார்கள். ஏணியில் நின்று ஆணி அடித்தபோது இளைத்த இளைப்பு, யாரோ அணைக்க மறந்த மைக்கில் விழுந்தது. டப்பிங் இன்சார்ஜ் கண்ணாடி அறையிலிருந்து ஓடிவந்தான்.

“யாருய்யா இது சாவுறது?”

“நான்தாங்க. சாவல, ஆணி அடிக்கிறேன்.”

“அத இன்னொரு தடவ பண்ணு.”

அவ்வளவுதான். சுத்தியலைக் கீழே வைத்தவர் பிறகு எடுக்கவில்லை. பேர்பெற்ற குரல்காரர்கள் வசனம் பேசுவார்கள். மூச்சுத் திணற மாட்டார்கள், தொண்டை கெட்டுவிடும். அந்த எச்சில் வேலை இவருக்கு. கிழவனா, கைக்குழந்தைக்காரியா, யார் செத்தாலும் இவர் மூச்சுதான். தெருவில், “இந்த வாரம் யாருண்ணே, டாக்டரா சமையல்காரனா?” என்று வம்புக்கு இழுப்பார்கள். “செத்துச் செத்துப் பொழைக்கிறவரு” என்று பேரே வைத்துவிட்டார்கள். பெருமையாகச் சிரிப்பார். வீட்டில் யாருக்காவது சளி பிடித்தால் போதும், காதைக் கொண்டுபோய் நெஞ்சில் வைப்பார். அக்கா பிடித்துத் தள்ளுவாள்.

வருஷங்கள் ஓடின. நடிப்பு எப்போது நோவாக மாறியது என்று அவருக்கே தெரியாது. பஞ்சு தன் வேலையைக் காட்டிவிட்டது. மூக்கில் குழாய், கட்டிலருகே ஆக்சிஜன் சிலிண்டர். அந்த நேரம் பார்த்துத் தொடரும் முடிவுக்கு வந்தது. கடைசி வாரம் கேப்டன் சாகிறான்.

அக்கா வெல்டிங் பட்டறைக்கு வந்து நின்றாள். வெல்டர் கண்ணாடியைக் கழற்றாமல் பேசினான்.

“அவரு ஸ்டூடியோவுக்குப் போயே தீருவேங்குறாருடா. சொன்னா கேக்க மாட்டேங்குறாரு. சிலிண்டரு பக்கத்துல நீ இரு. ஒனக்குத்தான் வால்வு, ரெகுலேட்டரு எல்லாம் தெரியும்.”

“அம்மாவ வித்த ஆளுக்கு நான் காவலா?”

“எனக்காக வா. ஒண்ணு மட்டும் சொல்றேன். யாரு சொன்னாலும் காத்த மூடாத. அவரே கையெடுத்துக் கும்பிட்டாலும் மூடாத.”

போனான். அக்காவுக்காகத்தான் போனான் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டான். அந்த மனிதன் திணறுவதைக் கண்ணால் ஒருமுறை பார்க்க வேண்டும் என்ற ஆசை அடியில் கிடந்தது. அதை அவன் கிளறவில்லை.

மைக்குக்கு முன் நாற்காலி, பக்கத்தில் சிலிண்டர். எதிர்த் திரையில் கேப்டன் நெஞ்சைப் பிடித்துச் சரிந்தான். அத்தான் வாயைத் திறந்ததும் இன்சார்ஜின் குரல் ஒலிபெருக்கியில் வந்தது.

“நிறுத்துங்க. ‘உஸ்ஸு’ன்னு என்ன சத்தம்? யாராவது சைக்கிள் டயருல காத்தப் புடுங்கிட்டீங்களா?”

“சிலிண்டருங்க” என்றான் வெல்டர்.

“காத்தே இல்லாத கப்பல்ல காத்து வர்ற சத்தம் கேட்டா சனங்க சிரிக்க மாட்டாங்களா? கொஞ்ச நேரம் மூடுங்க.”

“மூடக் கூடாதுன்னு அக்கா சொல்லியிருக்கா.”

அத்தான் திரும்பினார். உதடு ஏற்கெனவே கறுத்திருந்தது. “அவ கெடக்கா. கேப்டன் இவ்ளோ வருஷம் என் மூச்சுலதான் ஓடுனான், படி ஏறுனான், அழுதான். சாவுக்கு மட்டும் வேற ஆளா? மூடு மாப்ளே. கையத் தூக்குனா தொற.”

மூடினான். அறை காது அடைத்ததுபோல் ஆயிற்று. அத்தான் இழுத்தார். கழுத்து நரம்பு கயிறுகயிறாக எழும்பியது. கதாநாயகனாயிற்றே, கேப்டன் லேசில் சாவானா? தவழ்ந்தான், மகள் படத்தைத் தடவினான், நட்சத்திரத்தைப் பார்த்தான். அதற்கெல்லாம் இங்கே ஒருவர் மூச்சு கொடுக்க வேண்டியிருந்தது. அத்தானின் கை மேலே எழுந்தது. வெல்டர் பார்த்தான். பார்த்துக்கொண்டே நின்றான். எங்கள் அம்மா இப்படித்தானே இழுத்தாள், அன்றைக்கு நீ எண்ணிக்கொண்டுதானே உட்கார்ந்திருந்தாய் என்று ஒரு நினைப்பு ஓடியது. அந்தக் கை நடுங்கிக் கீழே விழுந்த பிறகே அவன் திருகைத் திறந்தான்.

கண்ணாடி அறையில் கைதட்டல். “பிரமாதம்! ஆனா அண்ணே, கேப்டன் வாய் மூடுறதுக்கு முன்னாடியே நீங்க முடிச்சிட்டீங்க. பரவால்ல, மிச்சத்துக்குப் பழைய பதிவுலேருந்து எதையாவது எடுத்து ஒட்டிக்கிறோம். வீட்டுக்குப் போங்க.”

அத்தானுக்குப் பேச்சு வரவே வெகுநேரம் ஆயிற்று. வெல்டர் குனிந்து முதுகைத் தடவினான். சட்டைக்குள் எலும்பு தட்டுப்பட்டது. இவ்வளவு வருஷம் இந்த எலும்புக்கூட்டின் மேலா பகை வளர்த்தோம் என்று அவனுக்குச் சப்பென்று ஆகிவிட்டது.

“வாங்க அத்தான், போலாம். அதான் நல்லா வந்துடுச்சில்ல. அக்கா காத்துட்டிருப்பா.”

“ஒட்டுறானாம்… ஒட்டு.” தலையை ஆட்டினார். மைக்கைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டு, கண்ணாடி அறையைப் பார்த்து, இன்னொரு தடவை என்று விரலைச் சுழற்றினார். அங்கே யாரோ தயங்கினார்கள். பிறகு சிவப்பு விளக்கு எரிந்தது.

வெல்டரின் கை திருகில் இருந்தது. இந்த முறை அது திரும்ப மறுத்தது. அத்தான் அந்தக் கையின் மேல் தன் கையை வைத்தார். சில்லென்று இருந்தது.

“மூடு மாப்ளே. இப்ப நான் கையத் தூக்குனாலும் தொறக்காத. திரையப் பாரு, என்னைப் பாக்காத. அவன் வாய் மூடட்டும், அப்பறமா தொற.”