பதினொன்றாம் வரிக்காரர்

கே.கே. நகரில் ஆனந்தவள்ளி என்று கேட்டால் பலருக்குத் தெரியாது. சிலோன்காரம்மா என்று கேட்டால் இஸ்திரி போடுகிறவர்கூட வீட்டைக் காட்டுவார். அறுபத்தாறு வயது, ஒல்லியான உடம்பு, தோளில் ஒரு ரெக்சின் பை. ஞாயிற்றுக்கிழமை காலை ஒன்பது மணிக்கு வாசலில் நிற்பார். என் ஆட்டோ ஐந்து நிமிடம் தாமதமானால் கடிகாரத்தைப் பார்க்க மாட்டார், என்னைப் பார்ப்பார். அது அதைவிட மோசம்.

என் பெயர் பிச்சை. வீடு எடமலைப்பட்டி புதூர். இருபத்தாறு வருஷமாக ஆட்டோ. பள்ளிக்கூடம் ஏழாவதோடு சரி. நான் எழுதுகிற ஆள் இல்லை. ஆனாலும் இந்த அக்காவைப் பற்றி எழுதித்தான் ஆக வேண்டும். நான் கெஞ்சிக் கேட்ட ஒன்றை அவர் கொடுக்க மாட்டேன் என்றார். அன்றைக்கு வந்த கோபத்துக்கும் இன்றைக்கு இருக்கிற நன்றிக்கும் காரணம் அந்த ஒன்றேதான்.

அக்கா யாழ்ப்பாணத்துப் பக்கம் ஒரு கிராமத்தில் பிறப்பு இறப்புப் பதிவு அலுவலகத்தில் எழுத்தராக இருந்தவர். சண்டை பெரிதானதும் பதிவுகாரர் குடும்பத்தோடு ஊரைவிட்டுப் போய்விட்டார். அலுவலகத்துக்குப் பூட்டு. ஆனால் சாவைச் சொல்ல ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள். வீட்டில் சாவு என்றால் அங்கே போய்ச் சொல்ல வேண்டும், அது அவர்களுக்குப் பழக்கம். அக்கா ஒரு பள்ளிக்கூட நோட்டை எடுத்து, அலுவலகப் புத்தகத்தில் இருந்த மாதிரியே கோடு போட்டு எழுத ஆரம்பித்தார். தொண்ணூறில் படகேறி ராமேஸ்வரம் வந்தபோது மாற்றுச் சேலை இல்லை, நோட்டு இருந்தது. பிறகு கொட்டப்பட்டு அகதி முகாம். பிறகு கே.கே. நகரில் ஒரு மாடி அறை, பிள்ளைகளுக்கு டியூஷன். அங்கே சண்டை இன்னும் பத்தொன்பது வருஷம் நடந்தது. வருகிறவர்கள் சொன்னதையும் போனில் சொன்னதையும் எழுதி எழுதி ஒரு நோட்டு ஆறு நோட்டானது.

"மொத்தம் எத்தனை பேர் செத்தாங்கக்கா அந்தச் சண்டையில?" என்று ஒருமுறை கேட்டேன்.

"எனக்குத் தெரியாது, தம்பி. ஆளாளுக்கு ஒரு எண்ணிக்கை சொல்லுவினம். என்ட பதிவுப் பிரிவில ஒன்பது ஊர். அதுக்கு மட்டும்தான் நான் பொறுப்பு."

"அப்ப மத்த ஊருக்கு?"

"அங்கயும் ஒரு எழுத்தர் இருந்திருப்பார்தானே."

அவருடைய முறை இதுதான். செத்ததைக் கண்ணால் பார்த்தவர் ஒருவர் சொன்னால் பென்சில். இரண்டாவது ஆள் வேறு இடத்திலிருந்து அதையே சொன்னால் பென்சிலை அழித்துப் பேனா. ஞாயிற்றுக்கிழமைகளில் நாங்கள் கொட்டப்பட்டுக்கும் மற்ற இடங்களுக்கும் போவது அந்த இரண்டாவது ஆளைத் தேடித்தான். பெயர், வயது, ஊர், நாள், கண்டவர்கள். கடைசிக் கட்டத்துக்குத் தலைப்பு, ஆயுதம். இயக்கமா, பொதுசனமா என்று அக்கா எழுத மாட்டார். கையில் ஆயுதம் இருந்ததா இல்லையா, அவ்வளவுதான்.

அந்தக் கட்டத்துக்காக நடக்கிற வழக்குகளை நான் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறேன். முகாமில் ஒரு பெரியவர், பதினேழு வயது மகனை இயக்கத்துக்காரர்கள் பிடித்துப்போன மூன்றாம் வாரம் இழந்தவர், அழுதுகொண்டே வாதாடினார்.

"ஆயுதம் இல்லையெண்டு போடு பிள்ளை."

"கையில இருந்ததோ, இல்லையோ?"

"இருந்தது. ஆனா அவனுக்குச் சுடத் தெரியாது."

அக்கா கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு எழுதினார்: 'இருந்தது. சுடத் தெரியாது என்று தகப்பன் சொல்கிறார்.' பெரியவர் அதை இரண்டு தடவை படிக்கச் சொல்லிக் கேட்டார். பிறகு டீ வாங்கிக் கொடுத்தார்.

போன வருஷம் ஆனி மாதம், அக்கா ஒரு வீட்டுக்குள் போயிருந்தபோது சீட்டில் இருந்த பை சரிந்து நோட்டெல்லாம் கீழே விழுந்தது. பொறுக்கும்போது முதல் நோட்டு பின்பக்கமாகத் திறந்துகொண்டது. அங்கே 'சீருடைக்காரர்' என்று தலைப்புப் போட்டுப் பதினான்கு வரி. அந்த ஒன்பது ஊருக்குள் செத்த பட்டாளத்துக்காரர்கள், இரண்டு நாட்டுக்காரர்களும். பதினொன்றாம் வரியில் என் கண் நின்றுவிட்டது.

'இந்திய ஆமி. பெயர் தெரியாது. வயது 30–35. லொறி சாரதி. தமிழ் பேசினவர். 26.10.1987. சங்கக் கடைக் கிணற்றடி. தண்ணீர் கேட்டார், கொடுத்தது. கண்டவர்: நான், கடை மனேச்சர்.'

என் அப்பா அழகர்சாமி பட்டாளத்தில் லாரி டிரைவர். எண்பத்தேழில் அமைதிப்படையோடு இலங்கைக்குப் போனார். வயது முப்பத்து நான்கு. அக்டோபர் இருபத்தேழாம் தேதி தந்தி வந்தது. அதை வாசித்த தபால்காரர் "ஆளு போயிட்டாரு" என்று மட்டும் சொன்னார். அன்றைக்கே எனக்கு மொட்டை போட்டார்கள். பன்னிரண்டு வயது. அந்த மொட்டைத் தலையோடு நான் திரும்பப் பள்ளிக்கூடம் போகவில்லை. உடம்பு வரவில்லை. செய்தி வந்த நாளையே திதியாக வைத்துக்கொண்டு, ஐப்பசி வளர்பிறை பஞ்சமியில் வருஷா வருஷம் ஸ்ரீரங்கம் அம்மா மண்டபத்தில் தண்ணீர் விட்டு வருகிறேன்.

அக்கா வெளியே வந்ததும் நோட்டை நீட்டினேன். "இது எங்கப்பாக்கா."

அவர் வரியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். சீட்டில் மெதுவாக உட்கார்ந்தார். "உன்ட அப்பா ஆமியில இருந்தவர் எண்டு நீ சொன்னதேயில்லை."

"உங்ககிட்ட எப்படிக்கா சொல்றது?"

"வாயாலதான்" என்றார். பிறகு கேட்டார், "இவர்தான் எண்டு என்னெண்டு சொல்லுறாய்?"

"டிரைவர். தமிழ். வயசு சரியா இருக்கு. மறுநாள் தந்தி."

"தந்தி வந்த நாள் வேற, செத்த நாள் வேற. ஆமியில இருந்து கடிதம் ஏதும் வந்ததோ?"

"இல்ல" என்றேன்.

அது பொய். கடிதம் இருந்தது. தந்திக்கு இரண்டு மாதம் கழித்து இங்கிலீஷில் வந்தது. பென்ஷனுக்கு எழுதிக் கொடுத்த ஒருவர் அதை வாங்கிப்போய் வேலையை முடித்துத் திருப்பிக் கொடுத்தார். அம்மா அதைப் பிளாஸ்டிக் கவரில் சுற்றி டிரங்குப் பெட்டியில் வைத்தாள். எங்கள் வீட்டில் யாருக்கும் அதைப் படிக்கத் தெரியாது. காரியமெல்லாம் முடிந்துவிட்டதே, இனி அதில் என்ன இருக்கப்போகிறது என்று விட்டுவிட்டோம். இப்போது, அது வாயைத் திறந்து இந்த வரியை என்னிடமிருந்து பிடுங்கிவிடுமோ என்று பயம். கிணற்றடி, தண்ணீர், தமிழ் பேசினவர். இவ்வளவு எனக்கு வேறு யாரும் கொடுத்ததில்லை.

வீட்டுக்குப் போய் அம்மாவிடம் சொன்னேன். மயிலம்மாளுக்கு எழுபத்திரண்டு வயது. முப்பத்தெட்டு வருஷமாக அவளுக்கு ஒரே கேள்விதான். சாகும்போது பக்கத்தில் யாராவது இருந்தார்களா?

"தண்ணி குடிச்சாராமா?" என்று கேட்டாள்.

"குடிச்சாராம்மா."

எழுந்து போய் முகம் கழுவிக்கொண்டு வந்தாள். அடுத்த ஞாயிற்றுக்கிழமை பட்டுக்கரைச் சேலை கட்டிக்கொண்டு எனக்கு முன்னால் ஆட்டோவில் ஏறி உட்கார்ந்திருந்தாள்.

அக்காவின் அறையில் அம்மா நாற்காலியில் உட்கார மறுத்துத் தரையில் உட்கார்ந்தாள். அக்காவும் தரைக்கு வந்துவிட்டார். நான் அப்பாவின் போட்டோவைக் கொடுத்தேன். ஜன்னல் பக்கம் கொண்டுபோய் நெடுநேரம் பார்த்தார்.

"முகம் ஞாபகம் வரேல்ல, அம்மா. அவர் முகமெல்லாம் ஒரே புழுதி. குரல்தான் ஞாபகம். 'கொஞ்சம் தண்ணி குடுங்கம்மா' எண்டு கேட்டவர். நான் பயந்து பயந்துதான் குடுத்தனான்."

"எங்க ஆளு அப்படித்தான் பேசுவாரு" என்றாள் அம்மா. "பேரை எழுதிடும்மா. அழகர்சாமின்னு."

"எழுதேலாது."

எனக்குச் சூடு ஏறிவிட்டது. "ஒரு பேரு எழுதினா என்னக்கா கொறஞ்சு போவுது? காலியாத்தானே கெடக்கு அந்த எடம்? ஞாயித்துக்கிழம ஞாயித்துக்கிழம உங்களுக்கு நான் ஓட்டல? பென்சில்லயாவது எழுதுங்களேன்."

"பென்சில் கண்டவைக்கு. நீ கண்டனியோ?"

"இல்ல."

"பிச்சை, கேள். அது காலி இடமில்லை. அந்த வரிக்கு எங்கயோ ஒரு வீடு இருக்கு. உன்ட அப்பாவை அதில இருத்தினா, நாளைக்கு அந்த வீட்டுப் பிள்ளை தேடி வந்தா நான் எங்க இருத்துறது? உன்ட அப்பாவே எண்டால் எனக்கும் சந்தோசம்தான். ஆனா தெரியோணும்."

நான் எழுந்து வாசலுக்குப் போய் ஒரு காலில் செருப்பை மாட்டினேன். இனி இந்தச் சிலோன்காரம்மாவுக்கு ஆட்டோ கிடையாது என்று மனசுக்குள் சொல்லிவிட்டேன். அப்போது பின்னால் பிளாஸ்டிக் கவர் சரசரக்கிற சத்தம் கேட்டது.

"தெரியணும்னா இதுல ஏதாச்சும் இருக்குமான்னு பாரும்மா" என்று அம்மா இடுப்பிலிருந்து கவரை எடுத்து நீட்டிக்கொண்டிருந்தாள்.

அக்கா என் பக்கம் திரும்பினார். "கடிதம் இல்லையெண்டு சொன்னாய்?"

"இல்லன்னானா?" என்றாள் அம்மா. "டேய், பெட்டியில பாச்சா உருண்டை போட்டு வச்சிருக்கேன், தெரியாதாடா ஒனக்கு?"

ஐம்பது வயது ஆம்பளை, ஒரு கால் செருப்போடு நின்றேன். அக்கா கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு முதலில் தனக்குள் படித்தார், பிறகு தமிழில் சொன்னார். அக்டோபர் பதினைந்தாம் தேதி அழகர்சாமி காயம்பட்ட மூன்று பேரை லாரியில் ஏற்றிக்கொண்டு வந்திருக்கிறார். வழியில் அவருக்கும் குண்டு பட்டிருக்கிறது. வண்டியை நிறுத்தவில்லை. மறுநாள் பதினாறாம் தேதி, பட்டாளத்து ஆஸ்பத்திரியில் இறந்திருக்கிறார். கூட இருந்தவர்கள் பக்கத்தில் இருந்தார்கள் என்று மேலதிகாரி எழுதியிருக்கிறார்.

பதினொன்றாம் வரி இருபத்தாறாம் தேதி. பத்து நாள் வித்தியாசம். அது அப்பா இல்லை.

அக்கா கடிதத்தை மடிக்காமல் வைத்திருந்தார். "நாளும் ஆஸ்பத்திரியும் சரியாத்தான் இருக்கும், அம்மா. பக்கத்தில ஆக்கள் இருந்தவை எண்டது, ஒபிசர் ஆறுதலுக்கு எழுதினதாயும் இருக்கலாம். அதை எனக்குச் சொல்லத் தெரியாது."

"ஆஸ்பத்திரின்னா நர்ஸாச்சும் இருந்திருக்கும்ல?" என்றாள் அம்மா.

"ஓம். இருந்திருப்பினம்."

"போதும்மா." அம்மா சேலைத் தலைப்பால் முகத்தை மூடிக்கொண்டாள். அழுது முடிக்கட்டும் என்று அக்கா காத்திருந்தார். அம்மா தலைப்பை எடுத்தபோது கேட்டது வேறு. "அப்ப இத்தன வருஷமா தப்பு நாள்ல திதி குடுத்திருக்கோம். வச்சதெல்லாம் யாரு சாப்பிட்டது?"

அக்கா நோட்டில் அந்தப் பதினொன்றாம் வரியைப் பார்த்தார். "தந்தி வந்தது இருபத்தேழு. ஒரு நாள்தானே பிந்தி. இவர்தான் வந்து சாப்பிட்டிருப்பார்."

அம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "சாப்பிடட்டும். பாவம், தண்ணிக்கு அலைஞ்ச புள்ள."

நான் மாட்டியிருந்த செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து உட்கார்ந்தேன். முப்பத்தெட்டு வருஷம் வீட்டுப் பெட்டிக்குள்ளேயே கிடந்த என் அப்பாவின் சாவை, அக்கா எழுதுவதற்கு மறுத்ததால்தான் நான் காதால் கேட்டேன். சரி தம்பி என்று அன்றைக்கு அவர் பெயரை எழுதியிருந்தால், காயத்தோடு லாரி ஓட்டி வந்த அந்த ஆள் எனக்குக் கிடைத்தே இருக்க மாட்டார். இன்னொருவருடைய சாவை வைத்துக் கும்பிட்டுக்கொண்டிருந்திருப்பேன்.

"அப்பாவ எந்த நோட்டுல எழுதுவீங்கக்கா?" என்று கேட்டேன்.

"அவர் என்ட பிரிவில சாகேல்ல. நான் எழுதேலாது."

இந்தத் தடவை எனக்குக் கோபம் வரவில்லை.

பஞ்சாங்கம் பார்த்ததில் அப்பாவின் திதி புரட்டாசித் தேய்பிறை நவமி. போன புரட்டாசியில் முதல் தடவையாகச் சரியான நாளில் அம்மா மண்டபத்தில் எள்ளும் தண்ணீரும் விட்டேன். அம்மா அதோடு விடவில்லை. பதினொன்றாம் வரிக்காரர் செத்த ஐப்பசி சதுர்த்திக்கும் போக வேண்டும் என்றாள். அக்காவும் வந்தார். சாஸ்திரிகள் வழக்கம்போல் கேட்டார்.

"யாருக்கு? பேர் சொல்லுங்கோ."

"பேரு தெரியாது சாமி. பட்டாளத்துக்காரரு."

"உங்களுக்கு என்ன உறவு?"

நான் திரும்பிப் பார்த்தேன். மேல்படியில் உட்கார்ந்திருந்த அம்மா சொன்னாள், "எங்க வீட்டுல சாப்பிட்டவரு சாமி."

சாஸ்திரிகள், யாருமில்லாதவர்களுக்கு என்று ஒரு மந்திரம் உண்டு, அதைச் சொல்லித் தருகிறேன் என்றார். காவிரியில் தண்ணீர் இடுப்பளவு போய்க்கொண்டிருந்தது. மூன்று கை விட்டேன்.

மேலே வந்தபோது அக்கா பையிலிருந்து ஒரு கவரை எடுத்துக் கொடுத்தார். அப்பாவின் கடிதத்துத் தலைப்பில் இருந்த பட்டாளத்து ஆவண அலுவலகத்தின் விலாசத்தை அன்றைக்கே குறித்து வைத்திருக்கிறார். அக்டோபர் இருபத்தாறு, லாரி டிரைவர், தமிழர், முப்பது முப்பத்தைந்து வயது, இப்படி ஒருவர் உங்கள் பட்டியலில் உண்டா, அவர் வீட்டுக்குச் சொல்ல எங்களிடம் ஒரு செய்தி இருக்கிறது என்று எழுதியிருந்தார். மறுநாள் தலைமைத் தபால் நிலையத்தில் பதிவுத் தபாலில் போட்டேன். கிடைத்தது என்று அட்டை வந்துவிட்டது. பதில் இன்னும் வரவில்லை.

ஆட்டோவை நிறுத்திவிட்டு நான் வீட்டுக்குள் நுழைந்தால், சாப்பிட்டாயா என்று கேட்பதற்கு முன்னால் அம்மா கேட்கிறாள், "அந்தப் புள்ள பேரு வந்துச்சாடா?"