அண்டா ஆடுது!

கதவுகிட்ட நிக்கிறவன் எந்தப் படத்தையும் முழுசாப் பாத்ததில்ல. ராஜபாளையத்துல ஒரு தியேட்டர்ல டிக்கெட் கிழிக்கிறவன் நான். ஒரே கேள்விக்கு நாள் முழுக்கப் பதில் சொல்லி நாக்கு வறண்டவங்களுக்கு என் பாடு புரியும்.

லீவு எழுதணும்

சீர்வரிசை அண்டாவுக்குள்ள மாமனார் மாட்டிக்கிட, குடும்பமே அதை உருட்டிக்கிட்டு ஊர் சுத்துற சிரிப்புப் படம். பேரு யாருக்கும் ஞாபகமில்ல, ‘அண்டாப் படம்’தான். அது ஓடி ரெண்டு வருசமாச்சி. இன்னிக்கும் வேற படத்து டிக்கெட்ட நீட்டிக்கிட்டே ரெண்டாம் பாகத்தக் கேக்காங்க. வத்திராயிருப்புப் பட்டாளத்துக்காரர் ஒருத்தர் என் கையப் பிடிச்சிக்கிட்டார்: “அண்ணே, எந்த மாசம்னு மட்டும் சொல்லுங்க. இப்பவே லீவுக்கு எழுதிப் போடணும்.”

சுபம்

எங்க முதலாளிக்கு ஸ்ரீவில்லிபுத்தூர்ல வீடு. கூட்டம் இல்லன்னு தியேட்டர இடிச்சிக் கல்யாண மண்டபம் கட்டப் போறார்னு காதுல விழுந்துச்சி. எனக்கு வேற வேலை தெரியாதே! நேரே அவர் வீட்டு வாசல்ல போய் நின்னேன். “ரெண்டாம் பாகம் வரும் முதலாளி, கூட்டம் அள்ளும், அதுவரைக்கும் கை வைக்காதீங்க”ன்னேன். விடாம மூணு நாள் போனேன். மூணாம் நாள் அவர் சொன்னது: “மாமனார வெளிய எடுத்து ‘சுபம்’ போட்டாச்சேலே, பொறவு என்னத்த எடுப்பான்?”

செருப்பு

விடுவேனா? கடைசியா ஒரு வாரம் அந்தப் படத்தையே போடணும்னு கெஞ்சிச் சம்மதம் வாங்கினேன். படத்தோட கடைசியில அந்தக் குடும்பம் போட்டோவுக்கு வரிசையா நின்னா நாங்க ரெண்டு கதவையும் திறந்துருவோம். வண்டி எடுக்கக் கூட்டம் ஓடிரும். மொத நாளும் அப்படித்தான் திறந்தேன். ஒத்தச் செருப்பக் காணோம்னு சீட்டுக்கடியில தேடிக்கிட்டிருந்த மம்சாபுரத்து அக்கா ஒருத்தி, நிமிந்து திரையப் பாத்துக் கத்துனா: “ஏய், அண்டா ஆடுதுய்யா! உள்ள இன்னொரு ஆளு இருக்கு!”

அரை நிமிசம்

அடப்பாவி, சுபத்துக்குப் பொறவு அரை நிமிசம் இருந்திருக்கு! அம்புட்டு நாளும் நானே கதவத் திறந்துவிட்டு ஊரையே வெளிய அனுப்பியிருக்கேன். வெக்கமாப் போச்சி.

மறுநாள் முதலாளியக் கூட்டியாந்து உக்கார வச்சி, கதவச் சாத்திட்டுக் குறுக்க நின்னேன். சுபம் போட்டாச்சி. அண்டா ஆடுச்சி. வளையல் போட்ட கை ஒண்ணு வெளிய வந்து, பக்கத்துப் பந்தி இலையில கெடந்த வடைய எடுத்துக்கிட்டு உள்ள போயிருச்சி. கல்யாணத்துல காணோம்னு படம் முழுக்க எல்லாரும் தேடுன சம்பந்தியம்மா! தியேட்டரே குலுங்குச்சி. முதலாளி கண்ணத் தொடச்சிக்கிட்டே சொன்னார்: “மண்டபம் கிடக்கட்டும்லே, மொதல்ல அந்தம்மா வெளிய வரட்டும்.”

ரெண்டாம் பாகம் என்னைக்கு வருமோ தெரியாது, ஆனா கடைசிப் பேரு ஓடி முடியாம எங்க தியேட்டர்ல இனி ஒரு கதவும் திறக்காது, எவனுக்கு எம்புட்டு அவசரம்னாலும்.