ஊமைப் படத்துக்குக் கொடுத்த வாய்

அந்தமானின் ஹட் பேயில் எங்கள் நூலக ஆண்டு விழாவுக்குப் பழைய ஜெர்மன் ஊமைப் படம் ஒன்றைப் போட்டோம். பேச்சே இல்லாத படம் என்றால் வங்காளி, தெலுங்கர், தமிழர் எல்லோரும் சேர்ந்து பார்க்கலாம் என்பது நூலகத்தை நடத்தும் சங்கத்தின் தலைவருடைய யோசனை. நடுநடுவே திரையில் வரும் ஆங்கில வரிகளை மைக்கில் ஹிந்தியிலும் தமிழிலும் சொல்ல, பள்ளி ஆசிரியையான என்னை உட்கார வைத்தார்கள்.

கதை எளிது. அப்பாவின் கௌரவத்துக்காக ஒரு பெண்ணை வயதான ஆலை முதலாளிக்குக் கட்டிவைக்கிறார்கள். அவன் விருந்தாளிகள் முன்னால் அவளை அறைகிறான். அந்த இடத்தில் எங்கள் கூடத்து ஆண்கள் சிலர் சிரித்தார்கள்.

அவள் பிறந்த வீட்டுக்கு ஓடிவருகிறாள். அம்மா கதவைத் திறக்காமல் ஜன்னல் வழியே பேசுகிறாள். திரையில் எழுத்து வந்தது: ‘ஊர் என்ன சொல்லும்? திரும்பிப் போ.’ அதைச் சொன்னேன். அடுத்து மகளின் பதில்: ‘இனி யார் வீட்டுக்கும் போகமாட்டேன்.’ சொல்ல வாயெடுத்தபோது தலைவர் மைக்கைக் கையால் பொத்தினார்.

“டீச்சர்ஜி, இதெல்லாம் மத் போலோ, சொல்லாதீங்க. நம்ம பொம்பளப் புள்ளைங்க உக்காந்திருக்கு. ‘மன்னிச்சிரும்மா, புருஷன்கிட்டயே போறேன்’னு அவ சொல்றதா சொல்லுங்க.”

“அவ அப்படிச் சொல்லலையே சார்.”

“அரே, யாருக்குத் தெரியப்போகுது?”

முடியாது என்றேன். அவரே மைக்கைப் பிடுங்கி, அழுவதுபோல் குரலை மாற்றி, “மாஃப் கரோ அம்மா, என் தப்புதான்” என்றார். திரையில் அவள் கல்யாண மோதிரத்தைக் கழற்றி வாசற்படியில் வைத்துக்கொண்டிருந்தாள்.

என் பக்கத்து வீட்டுப் பெண் உரக்கக் கேட்டாள்: “தப்புங்கிறவ எதுக்கு மோதிரத்தக் கழட்டுறா?”

அவள் புருஷன் கையைப் பிடித்து இழுத்தான். “சுப் ரஹோ! வாய மூடு, மானத்த வாங்காத.” அவள் தலையைக் குனிந்துகொண்டாள்.

படம் முடிந்து சமோசாவும் டீயும் கொடுத்தார்கள். “நல்ல குடும்பப் படம்” என்று தலைவர் வாய் நிறைய மென்றபடி சொன்னதைக் கேட்டதும் என் தட்டை அப்படியே வைத்துவிட்டு வெளியே வந்தேன். ஸ்கூட்டர் அருகே நின்ற பக்கத்து வீட்டுப் பெண்ணிடம் உண்மையில் என்ன எழுதியிருந்தது என்று சொன்னேன்.

“அது அவ மூஞ்சியிலயே இருந்துச்சேக்கா” என்றாள். அதற்குள் புருஷன் வந்துவிட்டான். ஸ்கூட்டரில் அவன் பின்னால் ஏறி உட்கார்ந்தாள்.

மறுநாளே சங்கத்திலிருந்து விலகிவிட்டேன். கப்பல்துறைப் பக்கம் தலைவர் எதிர்ப்பட்டு வணக்கம் சொன்னால், இப்போதும் முகத்தைத் திருப்பிக்கொண்டு போய்விடுகிறேன்.