பாத்ரூமில் வழுக்கி விழாத வீராங்கனை

இன்று குரோம்பேட்டையில் ஓர் எலும்பு டாக்டரிடம் போயிருந்தோம். முட்டி என்னுடையதல்ல, அக்கா மகள் சரண்யாவுடையது.

சரண்யா ரக்பி லீக் ஆடுகிறவள். பந்தை அணைத்துக்கொண்டு அவள் ஓடிவந்து மோதினால், ஜிஎஸ்டி ரோட்டில் மூன்று பஸ்கள் ரிவர்ஸிலேயே பல்லாவரம் போய்ச் சேரும். வெளிநாட்டு கிளப் ஒன்று சம்பளம் கொடுத்து ஆட அழைத்திருந்தது. கிளம்ப ஒரு மாதம் இருக்கும்போது பயிற்சி ஆட்டத்தில் முட்டி போயிற்று.

அக்கா முந்திக்கொண்டாள். "பாத்ரூம்ல வழுக்கி விழுந்துட்டா டாக்டர்." வரன் பார்க்கிற வீடு, ஊருக்கே அப்படித்தான் சொல்லி வைத்திருக்கிறாள்.

டாக்டர் ஸ்கேனைப் பார்த்தார். "பயப்படாதீங்க. மாடி ஏறலாம், ஸ்கூட்டி ஓட்டலாம். வேற என்னம்மா வேணும்?"

"எப்ப மறுபடி ஆளைப் புடிச்சுத் தள்ளி டேக்கிள் பண்ணலாம் சார்?" என்றாள் சரண்யா.

"பாத்ரூம்ல யாரைம்மா டேக்கிள் பண்ணினீங்க?"

நான் மட்டும் சிரித்தேன். சரண்யா எல்லாவற்றையும் சொன்னாள். டாக்டர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு ஸ்கேனை மறுபடி பார்த்தார்.

"விளையாட்டு இனிமே வேணாம்மா. இன்னொரு அடி பட்டா நடக்கிறதே கஷ்டம்."

தாம்பரத்துக்கு ஆட்டோவில் திரும்பினோம். இறங்கும்போது சரண்யா என் தோளைப் பிடித்துக்கொண்டு சொன்னாள்: "மாமா, யார் கேட்டாலும் நீயும் பாத்ரூம்னே சொல்லிடு. ரக்பின்னா, மறுபடி எப்ப ஆடுவேன்னு கேப்பாங்க."

லாரி லாரியாகப் பொய் சொல்லி வாழ்ந்தவன் நான். இது ஒன்று மட்டும் வாயில் வரவில்லை.

அவள் எப்படி ஆடினாள் என்று யாராவது கேட்டுத் தொலையுங்களேன்.