சிரிக்க மறுத்த அரக்கி

டப்பிங் கூடத்தில் எல்லாரும் அவளை 'அரக்கி அக்கா' என்றுதான் கூப்பிடுவார்கள். கரகரத்த குரல். பதினோரு வருஷமாகப் புராண கார்ட்டூன்களில் அண்டம் அதிரச் சிரித்து, அடுத்த காட்சியிலேயே வெட்டுப்பட்டுச் சாவதுதான் அவள் பிழைப்பு. முதல் முறையாக, கடைசிவரை சாகாத ஓர் அரக்கன் அவளுக்குக் கிடைத்திருந்தான். ஜப்பானிய அனிமே, நகைச்சுவைத் தொடர். கொம்பும் கோரைப்பல்லுமாக இருப்பவன், கெடு தாண்டிய நூலகப் புத்தகத்தைத் திருப்பிக் கொடுக்க வரிசையில் நிற்கிறான்.

"ஆரம்பத்துல ஒரு பெரிய சிரிப்பு போடுங்கக்கா. அப்பதான் அரக்கன்னு தெரியும்," என்றார் டைரக்டர்.

"தலையில ரெண்டு கொம்பு இருக்கே, அது போதாதா தம்பி? அவனே லைப்ரரி மேடம் திட்டுவாங்களோன்னு நடுங்கிட்டு நிக்கிறான்."

"உங்களால முடியலைன்னா வேற ஆளைக் கூப்பிடுறேன்."

இந்தத் தொடர் போனால் மறுபடியும் வெட்டுப்பட்டுச் சாக வேண்டியதுதான். ஆனாலும் அவள் ஹெட்ஃபோனைக் கழற்றவில்லை.

"தாராளமா கூப்பிடுங்க. அவர் வர்ற வரைக்கும் மைக் சும்மாதானே இருக்கு? சீனை ஓட விடுங்க."

திரையில் அரக்கன் வாயைத் திறந்தான். அவள் குரலைத் தாழ்த்தி, எச்சில் விழுங்கியபடி பேசினாள்: "மேடம்... மன்னிச்சுக்குங்க. கடைசிப் பக்கம் மட்டும் கொஞ்சம் எரிஞ்சிடுச்சு. படிக்கும்போது அழுகை வந்துச்சு. எனக்கு அழுதா நெருப்புதான் வரும்."

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் சவுண்ட் இன்ஜினியர் மேஜையில் தலையைக் கவிழ்த்துக் குலுங்கினார். டைரக்டர் உதட்டைக் கடித்துப் பார்த்தார். முடியவில்லை, அவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

"சரிக்கா, இதே மாதிரி போங்க. ஒரே ஒரு இடத்துல மட்டும் அந்தப் பழைய சிரிப்பு..."

"முடியாது," என்றாள் அக்கா. "அடுத்த சீனைப் போடுங்க."