பேச்சில்லாத குரங்குப் படம்

என் சித்தப்பாவுக்குப் பிறவியிலேயே காது கேட்காது. பட்டாளக் குடியிருப்பை ஒட்டிய மர்பி டவுனில் எங்களோடு இருந்துகொண்டு தச்சு வேலைக்குப் போய்வந்தார். ஒருமுறை அவரைத் தமிழ்ப் படத்துக்கு அழைத்துப் போனோம். கொட்டகையே சிரித்தபோது அவர் சுற்றுமுற்றும் பார்த்தார். எல்லோரும் ஓய்ந்த பிறகு சிரித்தார். முன்வரிசைக்காரர்கள் திரும்பி முறைத்தார்கள். அதன் பிறகு சினிமா என்றாலே கையை அசைத்து மறுத்துவிடுவார். அம்மாவுக்கு மனது ஆறவே இல்லை. கொழுந்தனார் ஒரு படத்திலாவது ஊரோடு சேர்ந்து சிரிக்க வேண்டும் என்பது அவளுக்குப் பிடிவாதமாகிவிட்டது.

சுதந்திரம் வந்து சில வருடங்கள் ஆகியிருக்கும். வெள்ளைக்காரப் பட்டாளத்தார் விட்டுப்போன ஊமைப்படங்களைச் சர்ச் ஹாலில் போடுகிறார்கள் என்று கேள்விப்பட்டதும், அம்மா அவரைக் கிட்டத்தட்ட இழுத்துக்கொண்டு வந்தாள். மத்தியான வெளிச்சம் வராமல் ஜன்னல்களில் கம்பளி கட்டியிருந்தார்கள். திரையில் ஒரு குரங்கு சலூன் நடத்தியது. சவரத்துக்கு வந்த நாயின் முகமெல்லாம் சோப்பு நுரை. மூலையில் ஓர் ஆடு வந்தவர்களின் தொப்பிகளை மென்றுகொண்டிருந்தது.

எங்கள் ஜனங்களுக்கு ஒரு வியாதி உண்டு. எந்த இடத்தையும் சத்தமில்லாமல் இருக்க விடமாட்டார்கள். திருவிழாவில் மைக் பிடிப்பவர் இங்கேயும் மைக்கோடு வந்து நின்றார்.

“நம்ம அல்சூர் மார்க்கெட் ஆடு சார் இது! ஓசியில கெடச்சா எதையும் உடாது!”

ஹால் அதிர்ந்தது. சித்தப்பா மறுபடி மற்றவர்களின் முகங்களைப் பார்க்க ஆரம்பித்தார். எனக்கு வந்த ஆத்திரத்தில் அந்த ஆளைக் கடித்திருப்பேன். அதற்குள் அம்மா போய் மைக்கைப் பிடுங்கிவிட்டாள்.

“இன்னாம்மா இது? பேசலன்னா ஜனத்துக்கு போர் அடிக்கும்.”

“அடிக்கட்டும்! பேச்சே இல்லாத படம்னுதான எங்க கொழுந்தனாரக் கூட்டிக்கினு வந்தேன்? நீங்க பேசிப் பேசி இதையும் பேசற படமா ஆக்கிட்டீங்களேண்ணா!”

மைக் வழியாக அது ஹால் முழுக்கக் கேட்டது. அதற்குப் பிறகு படம் ஓட்டும் மெஷின் மட்டும் கடகடத்தது.

திரையில் குரங்கு துண்டை இழுத்தது. மறுமுனை ஆட்டின் வாயில் இருந்தது. ஆடு சட்டென்று விட்டுவிட, குரங்கு நுரைத் தொட்டிக்குள் பொத்தென்று உட்கார்ந்தது.

சித்தப்பா சிரித்தார். உடைந்த குரலில், பெரிதாக, மூச்சு வாங்கச் சிரித்தார். சில பிள்ளைகள் பயந்து திரும்பினார்கள். அவர் யாரையும் பார்க்கவில்லை, திரையைத்தான் பார்த்தார். அடுத்து மைக் பிடித்தவர் சிரித்தார். பிறகு ஹால் முழுவதும் சிரித்தது. அம்மா மைக்கைப் பிடித்தபடியே அழுதாள். அன்று சித்தப்பா சிரித்த பிறகுதான் நாங்கள் எல்லோரும் சிரித்தோம்.